மிச்ச நூல்

ஆனக்குழி
10.1.1994

அன்புள்ள டாக்டர் இந்திராவுக்கு ஏலிக்குட்டி எழுதுவது.

இது நான்காவது கடிதம். முதல் மூன்றும் வந்து சேர்ந்தனவா, இல்லை ஷொர்ணூர் தபால்காரர் படித்து ரசித்துவிட்டு அடுப்பில் போட்டுவிட்டாரா என்று ஒரு வரி எழுதினால் என்ன குறைந்துவிடும்? "பெரிய எடத்துப் பொண்ணு, ஊர் போய்ச் சேர்ந்ததும் உன்னய மறந்துட்டா" என்று எங்கள் வீட்டு மத்தாயி தினமும் சொல்லிக்காட்டுகிறார். முப்பது வருடமாகப் புருஷன் சொல்வது எதையும் நான் நம்பியதில்லை. இதையும் நம்பவில்லை.

இங்கே குளிர் எலும்பைத் துளைக்கிறது. ஏலக்காய் இந்த வருடம் சுமார்தான். உங்கள் இடத்துக்கு வந்திருக்கும் டாக்டர் குரியாக்கோஸ் நல்ல மனிதர், கத்தியைத்தான் தொடமாட்டார். கொஞ்சம் சிக்கல் என்றாலும் "கோட்டயத்துக்குக் கொண்டு போயிருங்க" என்று சொல்லிவிட்டுச் சாயா குடிக்கப் போய்விடுகிறார். கோட்டயம் போக ஐந்து மணி நேரம் ஆகும் என்று அவருக்கு யார் சொல்வது? போன வாரம் ஒரு பிரசவம் ஜீப்பிலேயே ஆயிற்று. தாயும் பிள்ளையும் பிழைத்தது அவர்கள் அதிர்ஷ்டம். ஆபரேஷன் தியேட்டர் நவம்பரிலிருந்து பூட்டித்தான் கிடக்கிறது. சனிக்கிழமைதோறும் நான் திறந்து, துடைத்து, கத்தரிகளுக்கு எண்ணெய் போட்டு வைக்கிறேன். ஆறரை நம்பர் கையுறை இங்கே வேறு யாருக்கும் சேராது. உங்களுடையவை அப்படியே இருக்கின்றன.

சுற்றி வளைத்து என்ன, விஷயத்துக்கு வருகிறேன். நளினி போய் ஐம்பது நாள் ஆகிறது. லீலாம்மாவுக்குச் சிசேரியன் காயம் ஆறாம் நாள் பிரிந்தபோது, அவள் இருமிய இருமலால்தான் என்று நாமே சமாதானம் சொல்லிக்கொண்டோம். மறுபடி தைத்தோம், நல்லபடியாக வீட்டுக்குப் போனாள். பத்தே நாளில் நளினிக்கும் சிசேரியன், அவளுக்கும் அதேதான். ஏழாம் நாள் கட்டிலைவிட்டு இறங்கியவள் வயிற்றைப் பிடித்துக்கொண்டு, "சிஸ்டர், உள்ள என்னமோ விட்டுப்போச்சு" என்றாள். அந்தக் குரல் எனக்கும் கேட்டுக்கொண்டேதான் இருக்கிறது டாக்டர். நீங்கள் திறந்து தைத்தீர்கள், இரவும் பகலும் பக்கத்தில் உட்கார்ந்தீர்கள். சீழ் பிடித்து நான்காம் நாள் போய்விட்டாள். கைக்குழந்தையைத் துண்டில் சுற்றிக்கொண்டு அவள் புருஷன் ராகவன் படியிறங்கிப் போனதை நான் சாகிறவரை மறக்கமாட்டேன்.

விசாரிக்க வந்த பெரிய சர்ஜன் எல்லார் முன்னாலும் "முடிச்சு யாரு போட்டது?" என்று கேட்டார். நீங்கள் பள்ளிக்கூடப் பிள்ளை மாதிரிக் கையைத் தூக்கினீர்கள். அந்த ஆளை அங்கிருந்த தட்டாலேயே ஒன்று போடலாமா என்றிருந்தது எனக்கு.

எட்டு வருடம் மேஜைக்கு இந்தப் பக்கம் நின்று நூல் எடுத்துக் கொடுத்தவள் சொல்கிறேன். அந்தக் கையில் பிசகு இல்லை. திரும்பி வாருங்கள்.

உங்கள்
ஏலிச்சேச்சி


ஷொர்ணூர்
27.1.1994

சேச்சிக்கு,

நான்கும் வந்தன. தபால்காரரைத் திட்ட வேண்டாம். முதல் மூன்றைப் பிரிக்காமலே வைத்திருந்தேன். நேற்றுத்தான் எல்லாவற்றையும் ஒரே மூச்சில் படித்தேன்.

அண்ணன் வீட்டு மாடியில் இருக்கிறேன். காலையில் டாக்டர் பாலனின் சின்ன ஆஸ்பத்திரியில் உட்கார்ந்து காய்ச்சலுக்கும் இருமலுக்கும் மருந்து எழுதுகிறேன். ஆறு கட்டில், ஒரு தியேட்டர். "கூட வந்து நில்லுங்களேன்" என்று அவர் இரண்டு முறை கூப்பிட்டார். மணிக்கட்டில் வலி என்று சொல்லிவிட்டேன்.

அந்தச் சர்ஜன் மேல் கோபப்பட எதுவுமில்லை. தனியாகக் கூப்பிட்டு என்ன சொன்னார் என்று உங்களுக்குத் தெரியாது. "பழைய ஆட்டுக்குடல் நூலுக்கு மூணு முடிச்சு போதும். இது வழுக்குற நூல், நாலு போடணும். அதுகூடத் தெரியாமத்தான் கைய வச்சீங்களா?" என்றார். எனக்குத் தெரியும். ஜெர்மனியிலிருந்து அந்தப் புது நூல் பெட்டிகள் வந்த அன்றே உள்ளே இருந்த காகிதத்தில் படித்தேன். ஆனால் அன்றைக்கு நளினிக்கு நாலு போட்டேனா என்பதுதான் தெரியவில்லை. கண்ணை மூடினால் என் விரல்கள் தெரிகின்றன. ஒன்று, இரண்டு, மூன்று. அதற்கப்புறம் விளக்கு அணைந்துவிடுகிறது. மறுபடி வயிற்றைத் திறந்தபோது நூல் எங்கேயும் பிடித்துக்கொண்டிருக்கவில்லை, தனித்தனியாகக் கிடந்தது. அவிழ்ந்துதான் இருக்க வேண்டும்.

இங்கே ஜன்னல் கம்பியில் முடிச்சுப் போட்டுப் பார்க்கிறேன். நாலு நாலாக. அண்ணி வந்து பார்த்துவிட்டு, "என்ன இந்திரா, ஜன்னலுக்கு நேர்த்திக்கடனா? இவ்வளவு நூலக் கட்டி வச்சிருக்க" என்று கேட்டாள். அவள் வெளியே போனதும் எல்லாவற்றையும் வெட்டி எறிந்துவிட்டு மறுபடி முதலிலிருந்து ஆரம்பித்தேன்.

என்னைக் கூப்பிடாதீர்கள். கையுறைகளை யாருக்காவது கொடுத்துவிடுங்கள்.

இந்திரா


ஆனக்குழி
18.2.1994

அன்பு டாக்டருக்கு,

கையுறையை யாருக்குக் கொடுப்பதாம்? குரியாக்கோஸ் டாக்டருக்கா? அவர் கை நுழைந்தால் கிழிந்துவிடும், மண்வெட்டி மாதிரிக் கை.

நாலா மூன்றா என்று நீங்கள் ஜன்னலைக் கட்டிப்போட்டு வதைக்க வேண்டாம். என்னைக் கேட்டிருக்கலாமே. நீங்கள் முடிச்சுப் போடும்போது முகமூடிக்குள்ளே நான் எண்ணிக்கொண்டே நிற்பேன். அது என் கெட்ட பழக்கம், மாடிப்படிகூட எண்ணித்தான் ஏறுவேன். நளினிக்கு ஒவ்வொன்றும் நாலு. அன்றைக்கே அந்தச் சர்ஜனிடம் இதைச் சொன்னேன். "சிஸ்டர், உங்கள நான் கேக்கல" என்று வாயை அடைத்துவிட்டார்.

அப்புறம் ஏன் பிரிந்தது என்று கேட்பீர்கள். எனக்குத் தெரியாது. சில உடம்பு அப்படி. அவள் ரத்தசோகைக்காரி, எட்டாம் மாதம் வரை தோட்டத்தில் கூடை தூக்கியவள்.

இங்கே ஆஸ்பத்திரிப் பொறுப்புப் பாதிரியார் வர்க்கி அச்சன் ஒரு கெடு வைத்திருக்கிறார். மழை தொடங்குவதற்குள் சர்ஜன் யாரும் வராவிட்டால் தியேட்டரை அரிசி மூட்டை வைக்கிற அறையாக்கிவிடுவாராம். "ஆண்டவன் கொடுத்த கட்டடத்தச் சும்மா போடலாமா ஏலிக்குட்டி?" என்கிறார். அதில் கத்தி வைத்துப் பிழைத்த வயிறுகளை எண்ணச் சொன்னேன். அச்சனுக்குக் கணக்கு வராது.

புதிதாக இரண்டு நர்சுகள் வந்திருக்கிறார்கள், மோளியும் பியாட்ரிஸும். ஊசியைப் பிடிக்கத் தெரியவில்லை. நோன்பு முடிவதற்குள் தேற்றிவிடலாம் என்று வாழைத்தண்டை வெட்டி வைத்துத் தைக்கப் பழக்கப் போகிறேன். நூலுக்குப் பஞ்சமில்லை. ஆபரேஷனில் மிஞ்சுகிற நூலை வெட்டி, நூல் வாங்க வழியில்லாதவர்களுக்கென்று ஸ்பிரிட்டில் போட்டு வைப்பேனே, "சேச்சியின் ஊறுகாய்" என்று நீங்கள் கேலி செய்வீர்களே, அந்த ஜாடி நிறைய இருக்கிறது. பழசும் இருக்கிறது, ஜெர்மன் நூலும் இருக்கிறது.

நீங்கள் வந்தால் இந்தப் பெண்களுக்கு நான் கற்றுக்கொடுப்பது மிச்சம். உங்களுக்குத்தான் பொறுமை. எனக்கு வாய்தான்.

ஏலிச்சேச்சி


ஷொர்ணூர்
12.3.1994

அன்புள்ள சேச்சி,

நீங்கள் எண்ணினீர்கள் என்பதை நான் நம்பவில்லை. என்னைத் தேற்றுவதற்காகப் பொய் சொல்கிறீர்கள். ஆனாலும் அந்த வரியை எத்தனை முறை படித்தேன் என்று எனக்குத்தான் தெரியும். அதற்காக உங்களுக்கு நன்றி.

ஒரு காரியம் செய்தேன். ராகவனுக்குக் கடிதம் எழுதினேன். நளினியின் சாவுக்கு என் கைதான் காரணம், நான் போட்ட முடிச்சு அவிழ்ந்துவிட்டது, மன்னிப்புக் கேட்கத் தகுதியில்லை, ஆனாலும் கேட்கிறேன் என்று எழுதிக் கையெழுத்துப் போட்டு அனுப்பினேன். அண்ணன் தலையில் அடித்துக்கொண்டார். "உனக்கு என்ன பைத்தியமா? நாளைக்கு இத எடுத்துக்கிட்டுக் கோர்ட்டுக்குப் போனா?" என்றார். ராகவன் கோர்ட்டுக்குப் போகவில்லை. இருபதாம் நாள் பதில் வந்தது. யாரையோ எழுதச் சொல்லியிருக்கிறார். "டாக்டரம்மா, மனசு ஆறல. ஆனா நீங்க வேணும்னு செய்யலன்னு தெரியும். நான் உங்களப் பழி சொல்லல" என்று இருந்தது. அவ்வளவுதான்.

அன்றைக்குத் தூங்கினேன் சேச்சி. நான் செய்தேன் என்று ஒப்புக்கொண்ட பிறகு விரல்கள் கொஞ்சம் அடங்கிவிட்டன. போன வாரம் டாக்டர் பாலன் செய்த ஒரு ஹெர்னியா ஆபரேஷனில் அவருக்கு எதிரில் நின்றேன். தோலை மட்டும் தைத்தேன். பிரியவில்லை.

மே முதல் வாரம் வருகிறேன். அச்சனிடம் அரிசி மூட்டையை வேறெங்காவது வைத்துக்கொள்ளச் சொல்லுங்கள். ஒரே நிபந்தனை. நீங்கள் எதிரில் நிற்க வேண்டும். இனிமேல் முகமூடிக்குள் எண்ண வேண்டாம், வாய்விட்டு எண்ணுங்கள். நாலு என்று நீங்கள் சொன்ன பிறகுதான் நான் நூலை வெட்டுவேன்.

உங்கள்
இந்திரா


ஆனக்குழி
28.3.1994

அன்பு டாக்டருக்கு,

கடிதம் கிடைத்தது. சந்தோஷம்.

மே மாதம் வருவதாக எழுதியிருக்கிறீர்கள். அவசரப்பட வேண்டாம் என்று தோன்றுகிறது. இங்கே வெயில் இந்த வருடம் அதிகம், தண்ணீர்க் கஷ்டம் வேறு. தியேட்டரிலும் சில வேலைகள் பாக்கி இருக்கின்றன. உங்களுக்கும் உடம்பும் மனசும் இன்னும் கொஞ்சம் தேறட்டும். மழைக்கு அப்புறம் பார்த்துக்கொள்ளலாமே. அச்சனை நான் சமாளித்துக்கொள்கிறேன்.

இது புனித வாரம். அதிகம் எழுத முடியவில்லை. மத்தாயிக்கு முதுகு வலி. உங்களுக்காக வேண்டிக்கொள்கிறேன், எனக்காகவும் வேண்டிக்கொள்கிறேன்.

ஏலிக்குட்டி


ஷொர்ணூர்
12.4.1994

சேச்சிக்கு,

உங்கள் கடிதம் ஈஸ்டருக்கு மறுநாள் வந்தது. வெயில் என்கிறீர்கள், தண்ணீர் என்கிறீர்கள். நான்கு கடிதம் எழுதி என்னை இழுத்தவர் நீங்கள். வருகிறேன் என்றதும் வராதே என்கிறீர்கள். எனக்கு இதில் ஒன்றுதான் புரிந்தது. கூப்பிடும்போது சுலபமாக இருந்தது, நிஜமாகவே கத்தியை எடுக்கப் போகிறாள் என்றதும் உங்களுக்கும் பயம் வந்துவிட்டது. என் கையை நம்பிய ஒரே ஆள் நீங்கள்தான். நீங்களே பயந்தால் அதைக் குறை சொல்ல எனக்கு உரிமையில்லை.

இதோடு நிறுத்தியிருப்பேன். ஆனால் சனிக்கிழமை நடந்ததை யாரிடமாவது சொல்ல வேண்டும்.

டாக்டர் பாலன் குருவாயூரில் ஒரு கல்யாணத்துக்குப் போயிருந்தார். மதியம் ஸைனபா என்று ஒரு பெண்ணைக் கொண்டுவந்தார்கள். இருபத்துமூன்று வயது. வெளுத்துப்போயிருந்தாள், வயிறு பலகை மாதிரி இருந்தது. கர்ப்பம் கருக்குழாயில் தங்கி வெடித்துவிட்டது. உங்களுக்குச் சொல்ல வேண்டியதில்லை, திறந்து, பிடித்து, கட்டினால் முடிந்தது. நாம் இரண்டு பேரும் ஆனக்குழியில் அரிக்கேன் விளக்கில்கூட இதைச் செய்திருக்கிறோம். மயக்க மருந்து கொடுப்பவர் இரண்டு தெரு தள்ளி இருக்கிறார், ஓடி வந்துவிட்டார். ரத்தம் கொடுக்க அவள் அண்ணன்மார் வரிசையில் நின்றார்கள். நான் கையுறையும் போட்டுவிட்டேன் சேச்சி.

போட்டுக்கொண்டு மேஜைப் பக்கத்தில் நின்றேன். உங்கள் கடிதம்தான் ஞாபகம் வந்தது. ஏலிச்சேச்சியே வேண்டாம் என்கிறாள், நான் யார் வயிற்றில் கை வைக்கப் போகிறேன்? விரல் மடங்கவில்லை. கையுறையைக் கழற்றிவிட்டு, திருச்சூருக்குக் கொண்டுபோகச் சொன்னேன்.

அவள் புருஷன் மொய்தீன் என் முகத்தையே பார்த்தார். "நீங்க கீற மாட்டீங்களா டாக்டரே? நீங்க சர்ஜன்தானே?" என்றார். அதட்டிக் கேட்கவில்லை, சந்தேகம் கேட்கிற மாதிரிக் கேட்டார். காரில் நானும் ஏறிக்கொண்டேன். ரயில்வே கேட் மூடியிருந்தது. கூட்ஸ் வண்டி. அது முழுக்கப் போவதற்குள் என் விரலுக்கடியில் இருந்த அவள் நாடி நின்றுவிட்டது.

உங்கள் பயம் சரிதான் என்று நிரூபித்துவிட்டேன். நான் வரமாட்டேன்.

இந்திரா


ஆனக்குழி
19.4.1994

டாக்டர்,

உங்கள் கடிதத்தைப் படித்துவிட்டு இரண்டு நாள் வேலைக்குப் போகவில்லை. எப்படித் தொடங்குவது என்று தெரியாததால் நடந்ததை நடந்தபடி எழுதுகிறேன்.

மார்ச் 24, வியாழக்கிழமை. வாழைத்தண்டில் மோளி தைத்துக்கொண்டிருந்தாள். இறுக்கச் சொன்னேன். நூல் அறுந்துவிட்டது. "நகத்தால கிள்ளிட்டியாடி?" என்று கத்தினேன். "இல்ல சிஸ்டர், மெல்லத்தான் இழுத்தேன்" என்றாள். ஜாடியிலிருந்து வேறு ஒன்று எடுத்துக் கொடுத்தேன். அதுவும் போயிற்று. பிறகு நானே எடுத்து இரண்டு கையாலும் இழுத்தேன். வெந்து குழைந்த இடியாப்பம் மாதிரி விட்டுப்போயிற்று. ஜெர்மன் நூல் ஒவ்வொன்றையும் எடுத்துப் பார்த்தேன். சிலது கொஞ்சம் தாங்கியது, சிலது தொட்டவுடன் போனது. அதே ஜாடியில் அதற்கு முன்னாலிருந்து கிடந்த ஆட்டுக்குடல் நூல் மட்டும் கையை அறுக்கிற மாதிரி உறுதியாக இருந்தது.

நூலையும் அது வந்த பெட்டியையும் மருந்துக்கடை அவறாச்சனிடம் கொண்டுபோனேன். அவன் பெட்டிக்குள் இருந்த காகிதத்தைப் பிரித்துப் படித்தான். "சேச்சி, ஆட்டுக்குடல உடம்பு கொஞ்சம் கொஞ்சமா தின்னு தீர்க்கும். இது அப்படி இல்ல. இத எதுவும் திங்க வேண்டாம், ஈரம் பட்டாலே உள்ளுக்குள்ள கண்ணி கண்ணியா விட்டுப்போயிரும். அதனாலதான் ஈயத்தாள்ல ஒட்டி அனுப்புறான். பிரிச்சா உடனே போடணும், மிச்சத்தத் தூக்கி எறியணும்னு எழுதியிருக்கு" என்றான். "நான் ஸ்பிரிட்லதானே வச்சேன்?" என்றேன். "ஆஸ்பத்திரி ஸ்பிரிட்ல மூணுல ஒரு பங்கு தண்ணிதான சேச்சி" என்றான். அந்த நூலுக்கு உடம்புத் தண்ணீர் எது, ஜாடித் தண்ணீர் எது என்று தெரியாது. ஜூனிலிருந்து நான்கைந்து மாதம், நம் மலை மழையில், என் ஜாடிக்குள் அது தன் வேலையைச் செய்துகொண்டிருந்தது. பார்த்தால் புதுசு மாதிரியே இருக்கும். நீங்கள் முடிச்சுப் போட்டு இழுக்கும்போது தாங்கும் அளவு மிச்சம் இருந்தது. வயிற்றுக்குள் ஒரு வாரம் தாங்க இல்லை.

தியேட்டர் நோட்டை எடுத்துப் பார்த்தேன். அந்த மழைக்காலத்தில் நீங்கள் ஜெர்மன் நூலால் முப்பத்தொரு வயிறு தைத்திருக்கிறீர்கள். இருபத்தொன்பது பேருக்குப் பாக்கெட்டைப் பிரித்து எடுத்த நூல். ஒருவருக்கும் பிரியவில்லை. இரண்டு பேருக்கு மட்டும், நூல் வாங்க வழியில்லை என்று நான் ஜாடியிலிருந்து எடுத்துக் கொடுத்தேன். லீலாம்மா, நளினி.

பாவப்பட்டவர்களுக்கென்று சேர்த்தேன். பன்னிரண்டு வருடமாக அதில் எனக்கு ஒரு பெருமை இருந்தது. ஆட்டுக்குடல் அத்தனை வருடம் ஸ்பிரிட்டில் நன்றாக இருந்ததால் எல்லா நூலும் இருக்கும் என்று நினைத்துவிட்டேன். நான் யாரையும் கேட்கவில்லை, எனக்குத்தான் எல்லாம் தெரியுமே.

உங்கள் கை எதுவும் செய்யவில்லை. நாலு முடிச்சு. நான் எண்ணியது பொய் இல்லை.

இதை மார்ச் 28-ஆம் தேதியே எழுத உட்கார்ந்தேன். உங்கள் கடிதம் எதிரில் இருந்தது. நீங்கள் எதிரில் நிற்க வேண்டும் என்று எழுதியிருந்தீர்கள். நீங்கள் என்னைப் பார்க்கப்போகிற பார்வையை நினைத்ததும் பேனா ஓடவில்லை. வேலை போகும் என்ற பயம் இல்லை டாக்டர், உங்களை இழந்துவிடுவேன் என்ற பயம். வெயில் என்று எழுதினேன், தண்ணீர் என்று எழுதினேன். ஈஸ்டர் முடியட்டும், தைரியம் வரட்டும் என்று தள்ளிப்போட்டேன். மத்தாயி பார்த்துவிட்டு, "எழுதினா முழுசா எழுது, இல்லன்னா பேனாவையே தொடாத" என்றார். அவர் சொல்வது எதையும் நான் கேட்டதில்லையே.

ஸைனபாவை நான் பார்த்ததுகூட இல்லை. அவளையும் நான்தான் கொன்றேன்.

ஏலிக்குட்டி


ஷொர்ணூர்
2.5.1994

சேச்சிக்கு,

படித்தேன். அவறாச்சன் சொன்னது சரி. அந்தக் காகிதத்தை நானும் படித்தவள்தான். முடிச்சு எத்தனை என்பதை மட்டும் படித்துவிட்டு மடித்து வைத்துவிட்டேன். அந்த ஜாடியைப் பார்த்துச் சிரித்தேனே தவிர, அதற்குள் என்ன இருக்கிறது என்று கேட்கவில்லை. நீங்கள் கெட்ட எண்ணத்தில் செய்யவில்லை. தண்ணீர் பட்டால் விட்டுப்போக வேண்டும் என்று செய்த நூல் விட்டுப்போயிற்று. அந்த ஜாடியை என்னால் மன்னிக்க முடிகிறது. இரண்டு நாள் ஆயிற்று, ஆனால் முடிகிறது.

மார்ச் 28-ஆம் தேதிக் கடிதத்தை முடியவில்லை.

உங்களுக்கு 24-ஆம் தேதி தெரிந்துவிட்டது. ஸைனபா வந்தது ஏப்ரல் 9. நடுவில் பதினாறு நாள். நூலைப் பற்றி எழுத வேண்டாம், ஜாடியைப் பற்றி எழுத வேண்டாம். ஒரு போஸ்ட் கார்டில் 'உங்கள் கை அல்ல' என்று மூன்று வார்த்தை எழுதியிருந்தால் நான் அந்தக் கையுறையைக் கழற்றியிருக்கமாட்டேன். என் கூடப் பிறந்தவள் இல்லை நீங்கள், ஆனால் அப்படித்தான் நினைத்தேன். நான் எந்தக் குழிக்குள் கிடக்கிறேன் என்று தெரிந்தே, இன்னும் கொஞ்ச நாள் கிட என்று சொல்லிவிட்டீர்கள்.

ஐந்து மாதம் செய்யாத கொலையைச் சுமந்தேன். இப்போது அது என்னுடையது இல்லை என்று தெரியும்போது, இன்னொன்று நிஜமாகவே என்னுடையதாகக் கிடக்கிறது. நீங்கள் அதையும் உங்கள் பேரில் எழுதிக்கொள்கிறீர்கள். அப்படி எழுதிக்கொள்ள உங்களை விடமாட்டேன். மேஜைப் பக்கத்தில் நின்றது நான். மொய்தீன் கேட்டது என்னை.

அண்ணன் சொல்கிறார், "இனி உனக்கென்ன, கை சுத்தம்னு தெரிஞ்சுபோச்சே, நாளைக்கே போய் நில்லு" என்று. அவருக்கு விளக்கிச் சொல்ல என்னிடம் தெம்பில்லை. ஆஸ்பத்திரிக்குப் போவதையும் நிறுத்திவிட்டேன்.

ஒன்றே ஒன்று செய்யுங்கள். ராகவனிடம் போய் உண்மையைச் சொல்லுங்கள். என் பெயரைக் காப்பாற்ற இல்லை, அது எனக்கு இனி எதற்கு? தன் மனைவி எப்படிச் செத்தாள் என்று அவருக்குச் சரியாகத் தெரிய வேண்டும்.

அதன் பிறகு எனக்கு எழுத வேண்டாம். எட்டு வருடம் நீங்கள் எனக்குச் செய்ததெல்லாம் எனக்கு நினைவிருக்கிறது. அதனால்தான் கேட்டுக்கொள்கிறேன்.

இந்திரா


ஆனக்குழி
24.5.1994

டாக்டர் இந்திரா வாரஸ்யார் அவர்களுக்கு,

எழுத வேண்டாம் என்றீர்கள். நீங்கள் சொன்ன வேலையை முடித்துவிட்டேன் என்று தெரிவிக்க மட்டும் இது.

முதலில் வர்க்கி அச்சனிடம் சொன்னேன். "இது வெளிய போனா நம்ம ஆஸ்பத்திரிக்கு ஒரு குஞ்சுகூட வராது ஏலிக்குட்டி. பாவமன்னிப்புல சொன்னதா வச்சுக்கறேன், விட்டுரு" என்றார். பாவமன்னிப்பு இல்லை, புகார் என்றேன். எழுதிக் கையெழுத்துப் போட்டுக் கொடுத்தேன். அந்தச் சர்ஜனுக்கும் ஒரு பிரதி அனுப்பினேன், நோட்டில் இருந்த முப்பத்தொரு பெயரோடு. பதில் இல்லை. வேலையை விட்டுவிட்டேன். தியேட்டரில் அரிசி மூட்டை ஏற்றியாகிவிட்டது.

ராகவன் இப்போது ஏலக்காய் உலர்த்துகிற கொட்டகையில் வேலை பார்க்கிறார். ஞாயிற்றுக்கிழமை வீட்டில் இருப்பார் என்று கேட்டுக்கொண்டு போனேன். மூத்தவள் முற்றத்தில் விளையாடிக்கொண்டிருந்தாள். சின்னது தவழ்கிறது. உட்காரச் சொன்னார், நான் உட்காரவில்லை. நின்றுகொண்டே எல்லாவற்றையும் சொன்னேன். நூல், ஜாடி, தண்ணீர், நான் மறைத்தது, எல்லாம். டாக்டர் எழுதியது தப்பு, அவருக்கு இதில் சம்பந்தமே இல்லை, செய்தது நான் என்று சொன்னேன். திட்டுவார் என்று நினைத்தேன். அடித்தாலும் வாங்கிக்கொள்ளத் தயாராகத்தான் போயிருந்தேன்.

அவர் படியை நோக்கித் தவழ்ந்த சின்னதைத் திருப்பி விட்டார். பிறகு, "சிஸ்டர், அந்த டாக்டரம்மா கடுதாசி வந்தப்ப எனக்கு வெறி புடிச்ச மாதிரி இருந்துச்சு. ராத்திரி பகல் உக்காந்து, வேணும்னா செஞ்சாங்க, போகட்டும், போகட்டும்னு எனக்கு நானே சொல்லிச் சொல்லித்தான் மன்னிச்சேன். இப்பத்தான் ஒரு வேளை சோறு எறங்குது. நீங்க வந்து, அது அவங்க இல்ல நான்னு சொல்றீங்க. இனி உங்கள முதல்லருந்து மன்னிக்கணுமா? என்னால முடியாது சிஸ்டர். என்கிட்ட அவ்வளவு மிச்சம் இல்ல" என்றார்.

சொல்லிவிட்டுப் பிள்ளையைத் தூக்கிக்கொண்டு கஞ்சி ஊட்ட உள்ளே போய்விட்டார். நான் அந்த முற்றத்திலேயே கொஞ்ச நேரம் நின்றேன். என்னைப் போ என்றும் யாரும் சொல்லவில்லை.

ஏலிக்குட்டி